பொங்கச் சீரும் ஒடிச்ச கரும்பும்: கோழிப்பண்ணைக்காரரோட டெல்லியில

ஊருக்குத் திரும்பி நாலு நாளாச்சு, மூக்கு இன்னும் ஒழுகிட்டுத்தான் இருக்கு. டெல்லியில இருந்தப்ப தெனமும் ராத்திரி ரஜாய்க்குள்ள படுத்துக்கிட்டு போன்ல நாலு நாலு வரி தட்டி வெச்சிருந்தேன், அதையே கொஞ்சம் நீட்டி நாள்வாரியா போடறேன்.

அக்காவைக் கட்டிக் குடுத்து டெல்லி அனுப்பி ஒம்பது வருசம். ஆர்.கே.புரத்துல கவர்மெண்ட் குவார்ட்டர்ஸ். வருசா வருசம் பொங்கச் சீரை நான் ஜிபேல அனுப்பிருவேன், ஒரு வம்பும் இல்ல. இந்த வருசம் அப்பா ஒரே பிடி. "சீருன்னா பொண்ணு கையில குடுக்கோணும் கண்ணு, போன்ல தட்டறதுக்குப் பேரு சீரா கரண்ட் பில்லா"ன்னுட்டார். அவருக்கு 67 வயசு, நாமக்கல் பக்கம் 31 வருசமா லேயர் பண்ணை, அதாவது முட்டைக்கோழி. மனுசங்களைப் பத்தி எதைப் பேசுனாலும் கோழியில ஆரம்பிச்சு கோழியிலயே முடிப்பார். நானும் நாமக்கல் வெட்னரி காலேஜ்ல படிச்சவன்தான், இப்ப தீவனக் கம்பெனில வேலை, அதனால அவர் அனுபவத்துல சொல்றதுக்கெல்லாம் எனக்கு புஸ்தகத்துல இருக்கற பேர் தெரியும். அந்தப் பேரை எடுத்து விட்டா மட்டும் அவருக்குப் புடிக்காது.

ஜனவரி 5, ஞாயிறு, 2025. ரயில்லயே

லக்கேஜ் என்னன்னா, ஒரு வெங்கலப் பானை, பச்சரிசி, வெல்லம், மஞ்சக்கொத்து, ஒரு தூக்கு முறுக்கு, புடவை வேட்டி, அப்புறம் ஒரு கட்டு கரும்பு. கரும்பு ஆள் உசரத்துக்கு மேல. நறுக்கிட்டுப் போலாமுங்கப்பான்னு வீட்லயே சொன்னேன், நறுக்குன கரும்பு சீராகாதுன்னார். சென்ட்ரல்ல போர்ட்டர் பாத்துச் சிரிச்சதுக்கப்புறம்தான் எறங்கி வந்தார், அரிவாளுக்கு எங்க போறது, பிளாட்பாரத்துல நின்னு முட்டியில வெச்சு ஒவ்வொண்ணா ரெண்டா ஒடிச்சோம். ஏசியில மூக்கடைக்கும்னு ஸ்லீப்பர்தான் போடச் சொல்லியிருந்தார்.

எதிர் சீட்ல ஒரு ஹரியானா குடும்பம். வேலூர் ஆஸ்பத்திரிக்கு வந்துட்டுத் திரும்பறாங்க, புருசன், பொண்டாட்டி, ஒரு பாட்டி. சண்டை சீட்டுக்கடியில இருக்கற எடத்துக்கு. அவர் தன்னோட பெட்டியைக் காலால தள்ளி எங்க கரும்பை ஓரங்கட்டுவார், அப்பா குனிஞ்சு கரும்பை மறுபடி நேரா இழுத்து வெப்பார். ரெண்டு பேரும் ஒரு வார்த்தை பேசல. மூணாவது தடவை ரெண்டு பேரும் நேருக்கு நேர் பாத்துக்கிட்டாங்க, நான் எந்திரிச்சே நின்னுட்டேன், அப்ப பாத்து அவர் பாக்கெட்லேர்ந்து போனை எடுத்து ஒண்ணுமே இல்லாத ஸ்கிரீனைத் தேய்க்கறார், இவர் தோள்ல இருந்த துண்டை எடுத்து உதறி மடிச்சு உதறி மடிக்கறார்.

ரெண்டு சேவலை எதிரெதிரா விட்டா இதைப் பாக்கலாம். கழுத்து மயிரைச் சிலுப்பிக்கிட்டு நிக்கும், பாயலாமா ஓடலாமான்னு முடிவு பண்ண முடியாதப்ப திடீர்னு ரெண்டும் தரையில இல்லாத தவிட்டைக் கொத்த ஆரம்பிச்சுரும். நிக்கோ டின்பெர்கன்னு ஒரு டச்சுக்காரர் இந்த மாதிரி சம்பந்தமில்லாத செய்கையைப் பத்தி நெறைய எழுதியிருக்கார், 1973ல லோரென்ஸ், ஃபான் ஃப்ரிஷ் கூட சேத்து நோபல் பரிசும் குடுத்தாங்க. இதை அப்பா காதுல சொன்னேன். "நான் கொத்தல, துண்டு மடிச்சேன்"னார்.

நாக்பூர்ல ஆரஞ்சு ஏறுச்சு, ஒரு பை 50 ரூவா. அந்தப் பாட்டி ஒண்ணை உரிச்சு, நாரெல்லாம் எடுத்து, பாதியை அப்பா முன்னாடி நீட்டுச்சு. அவர் வாங்கிட்டு முறுக்குத் தூக்கைத் திறந்தார். அதுக்கப்புறம் மேத்தி பராத்தா, மாங்கா ஊறுகா, எங்க எலுமிச்சை சாதம்னு போயிட்டே இருந்துச்சு. கரும்பும் பெட்டியும் ஒண்ணு மேல ஒண்ணு கெடந்துச்சு, யாருக்கும் அதைப் பத்தி ஞாபகமே இல்ல.

போபால் தாண்டுனதும் குளிரு. ஜன்னல் ஷட்டர் இடுக்குல கத்தி மாதிரி காத்து. பகல்ல ஆளுக்கொரு மூலையைப் புடிச்சு துண்டு விரிச்சு வெச்சிருந்த அத்தனை பேரும் கொஞ்சம் கொஞ்சமா நடுவுக்கு நகந்து, கீழ் பெர்த்ல தோளோட தோள் ஒட்டி உக்காந்துட்டோம். அப்பா எல்லாத்தையும் ஒரு சுத்து பாத்துட்டு, "புரூடர்ல சூடு பத்தல கண்ணு"ன்னார்.

பண்ணை தெரியாதவங்களுக்கு: கோழிக்குஞ்சுக்கு மொத வாரம் 35 டிகிரி சூடு வேணும், தாய் இல்லாததால பல்பு போட்டு, சுத்தி வட்டமா தகடு கட்டி வெப்போம், அதுதான் புரூடர். தெர்மாமீட்டர் தொங்கும், ஆனா அப்பா அதைப் பாக்கவே மாட்டார். குஞ்சுங்க எல்லாம் பல்புக்கடியில குமிஞ்சு கெடந்தா குளிருது. தகட்டோரமா ஓடி வாயைப் பொளந்துட்டு நின்னா சூடு ஜாஸ்தி. அங்கங்க பரவலா மேஞ்சுட்டிருந்தா சரியா இருக்கு. ரொம்ப நேரம் குமிய விட்டா அடியில இருக்கறது மூச்சு முட்டிச் செத்துரும். ராத்திரி ரெண்டு மணிக்கு எந்திரிச்சுப் போய் கையை நீட்டிப் பாத்துட்டு வருவார், நான் சின்னப் பையனா இருந்தப்ப இருந்து அதைப் பாத்திருக்கேன்.

ஜனவரி 6, திங்கள். ஆட்டோ

காலைல ஆறரைக்கு டெல்லி வந்திருக்கோணும். நாங்க போய்ச் சேந்தது மத்தியானம் ரெண்டே முக்கால். ஆக்ராவுக்கு அப்புறம் ஜன்னலுக்கு வெளிய பால் ஊத்துன மாதிரி வெள்ளை, வண்டி நடக்குது, நிக்குது, நடக்குது. டீ 20 ரூவா, இஞ்சி போட்டு நல்லாவே இருந்துச்சு, நாலு குடிச்சேன்.

ஸ்டேஷன் வெளிய ஆட்டோக்காரர் ஆர்.கே.புரத்துக்கு 500 கேட்டார். எனக்கு அடிச்சது பாருங்க ரோஷம், ரெண்டு நாள் குளிக்காத எரிச்சல் வேற, தெரிஞ்ச நாலு இந்தி வார்த்தையையும் ஒரே சமயத்துல எறக்கிட்டேன். அவரும் வண்டியை விட்டு எறங்கினார். நான் நெஞ்சை நிமித்துனேன், அவர் சால்வையை ஒதறித் தோள்ல போட்டார், ரெண்டு பேர் கொரலும் ஏறுது, சுத்தி ஏழெட்டு பேர் கூடிட்டாங்க, ஆனா யாரும் யாரையும் தொடல. மிருகங்கள்ல முக்காவாசி சண்டை இப்படித்தான், உடம்பைப் பெருசாக் காட்டறது, சத்தம், மொறைப்பு, யாராவது ஒருத்தர் பின்வாங்கற வரைக்கும். நெசமா அடிச்சுக்கிட்டா ஜெயிச்சவனுக்கும் காயம்தானே, அதுக்கு இது லாபம்.

அப்பா என் பின்னாடி கரும்புக்கட்டைத் தோள்ல நட்டமா வெச்சுக்கிட்டு அமைதியா நின்னுட்டிருந்தார். ஆட்டோக்காரர் அவரைப் பாத்தார், கரும்பைப் பாத்தார், 300ன்னார். நான் ஜெயிச்சுட்டேன்னு ஏறுனா, மச்சான் வீட்டுக்கு வந்ததும் சொல்றார், ஆப்ல போட்டா இருநூத்திச் சொச்சம்தான் மாப்ளைன்னு.

வண்டியில வரும்போது அப்பா சொன்னது இதுதான்: "உனக்குக் கொண்டை செவந்துருச்சு கண்ணு."

கோழிக்கு கொண்டைதான் மூஞ்சி. ஹார்மோன் ஏற ஏறக் கொண்டை பெருக்கும், செவக்கும், பெரிய கொண்டைக்காரிக்கு மத்தது வழி விடும். கூண்டுல நாலு கோழியைப் போட்டா ஒரு நாள் ரெண்டு நாள் கொத்திக்கிட்டு யார் பெருசு யார் அடுத்ததுன்னு முடிவு பண்ணிரும், அதுக்கப்புறம் அமைதி. நார்வேயில ஷெல்டரப்-எப்பேன்னு ஒருத்தர் சின்ன வயசுலேர்ந்தே கோழிங்களைப் பாத்துப் பாத்து, யார் யாரைக் கொத்துதுன்னு குறிச்சு வெச்சு 1921ல எழுதுனார். கொத்து வரிசைங்கற பேச்சே அங்க இருந்துதான் வந்துச்சு, இப்ப ஆபீஸ், அரசியல், மாமியார் வீடுன்னு எல்லாத்துக்கும் அதையே சொல்றாங்க.

வீட்ல அக்கா சீரைப் பாத்து அழுதுச்சு. கரும்பு ஏன் ஒடிஞ்சிருக்குன்னு மட்டும் கேக்கல.

ஜனவரி 7, செவ்வாய். குரங்கு

ராத்திரி கரும்பை பால்கனில சாத்தி வெச்சிருந்தோம். மொதல் மாடி. அக்கா அப்பவே சொல்லுச்சு உள்ள எடுத்து வெய்யி தம்பின்னு, நான்தான் கேக்கல.

காலைல ஏழரை இருக்கும், அப்பா டீ டம்ளரோட பால்கனிக் கதவைத் திறக்கறார், கிரில் மேல ஒரு குரங்கு. நம்மூர்க் குரங்கு மாதிரி தலையில கிராப்பு, நீள வாலு எல்லாம் இல்ல, செவந்த மூஞ்சி, குட்டை வாலு, நல்ல தாட்டியான ஆம்பளை. எங்க அப்பா நாமக்கல் ஆஞ்சநேயர் பக்தர். 18 அடி உசரத்துல கூரை இல்லாம வெயில்லயும் மழையிலயும் நிக்கற சாமியை அம்பது வருசமா கும்பிடறவர். செவ்வாக்கெழமை காலைல, பல்லு வெளக்குன கையோட, தரிசனம் வீட்டுக்கே வந்தா என்ன பண்ணுவார்? டம்ளரைக் கீழ வெச்சுட்டு ரெண்டு கையும் குவிச்சு, அதோட கண்ணைப் பாத்து, வாய் நெறையச் சிரிச்சார்.

அது ஒரு செகண்டு மொறைச்சுது. அவர் இன்னும் நல்லாச் சிரிச்சார். அது நிதானமா எறங்கி, அவர் காலுக்கு ஒரு முழம் தள்ளி நடந்து வந்து, ரெண்டு துண்டு கரும்பை எடுத்துக்கிட்டு, திரும்பிப் பாக்காம போயிருச்சு. அதுக்கப்புறம் அதோட சொந்தக்காரங்க அத்தனை பேரும் வந்தாங்க.

"கண்ணைப் பாக்காதீங்கப்பா! பல்லைக் காட்டாதீங்க!"ன்னு அக்கா கட்டையோட ஓடி வந்துச்சு. டெல்லிக்காரங்க அனுபவத்துல கத்துக்கிட்ட பாடம் அது. இந்தக் குரங்குக்கு மொறைச்சுப் பாத்தா வம்புக்கு வர்றேன்னு அர்த்தம். வாயைச் சத்தமில்லாம இளிச்சுப் பல்லைக் காட்டுனா, நான் உனக்குக் கீழ, ஒண்ணும் பண்ணிராதன்னு அர்த்தம். அப்பா ரெண்டையும் ஒரே நேரத்துல பண்ணியிருக்கார், மொதல்ல சவால் விட்டு ஒடனே சரணாகதி. நம்ம புன்சிரிப்போட பூர்வீகமே அந்த பயந்த இளிப்புதான்னு யான் ஃபான் ஹூஃப்னு ஒரு ஆராய்ச்சியாளர் 1972ல எழுதியிருக்கார், நம்ம வாய்விட்டுச் சிரிக்கற சிரிப்பு வேற வழி, அது குரங்குக்குட்டிங்க வெளையாடும்போது வாயைத் திறந்து காட்டற மூஞ்சில இருந்து வந்ததாம்.

சிரிச்சுட்டுப் போற விஷயமும் இல்ல இது. 2007ல டெல்லி துணை மேயர் பஜ்வா, வீட்டு மாடியில குரங்குங்களை வெரட்டப் போய்க் கீழ விழுந்து செத்துட்டார். முன்னெல்லாம் இதுங்களைத் துரத்த மந்தியைக் கட்டிக் கூட்டிட்டு வருவாங்களாம், அதான் கருமூஞ்சி லங்கூர், அதைக் கண்டா இதுங்களுக்கு ஆகாது. காட்டு விலங்குச் சட்டத்துல அப்படி வெச்சுக்கக் கூடாதுன்னு ஆனதும், லங்கூர் மாதிரி கத்தற ஆளுங்களை வேலைக்கு வெச்சாங்க. 2023 செப்டம்பர்ல ஜி20 மாநாடு நடந்தப்ப ஊர் பூரா லங்கூர் கட்அவுட்டே வெச்சாங்க. கட்அவுட் கலாச்சாரத்துல நம்மளை மிஞ்ச ஆளில்லைன்னு நெனச்சேன்.

மத்தியானம் கன்னாட் பிளேஸ் அனுமார் கோயில். செவ்வாக்கெழமை கூட்டம், வெளிய வளையல் கடை, மருதாணி வெக்கற பொம்பளைங்க வரிசையா. உள்ள ராம நாமம் 1964 ஆகஸ்ட்லேர்ந்து ராத்திரி பகல் நிக்காம பாடிட்டிருக்காங்க. அப்பா ஒரு மணி நேரம் உக்காந்துட்டார். கரும்பு போன வருத்தம் எல்லாம் இல்ல, "அவரு கேட்டாரு, குடுத்தேன்"னார்.

சாயந்தரம் குவார்ட்டர்ஸ் கேட்டுக்கிட்ட மச்சானோட மேலதிகாரி நடந்து வந்தார். மச்சான் வீட்ல புலி, டிவி ரிமோட்டை யாரும் தொட முடியாது. அவரைக் கண்டதும் லேசாக் குனிஞ்சு, தோளைக் குறுக்கி, கடவாப் பல்லு வரைக்கும் தெரிய ஒரு சிரிப்பு. அப்பா என்னைத் திரும்பிப் பாத்தார். நான் அவரைப் பாக்கல, பாத்தா ரெண்டு பேரும் மாட்டிக்குவோம். வீட்டுக்குள்ள வந்ததும் மெதுவா, "மாப்ள கரும்பு எதுவும் குடுக்கலியா?"ன்னார். டிவில டெல்லிக்கு எலக்ஷன் தேதி அறிவிச்சுட்டாங்க, பிப்ரவரி 5. மச்சான் ரிமோட்டை எடுத்துக்கிட்டார்.

ஜனவரி 8, புதன். மெட்ரோ, பறவை ஆஸ்பத்திரி

மெட்ரோல ஹவுஸ்காஸ்ல மாறி சாந்தினி சௌக். ராஜீவ் சௌக்ல ஏறுன கூட்டத்துல என் மூக்கு அடுத்தவர் குல்லாயில. அமெரிக்காவுல எட்வர்ட் ஹால்னு ஒருத்தர் 1966ல எழுதுனார், மனுசனுக்கு 45 சென்டிமீட்டருக்குள்ள நெருங்கின சொந்தத்தைத் தவிர வேற யாரும் வரக்கூடாதுன்னு ஒரு கண்ணுக்குத் தெரியாத வட்டம் இருக்குன்னு. அந்த யோசனைக்கு மூலம் ஹெடிகர்னு சுவிஸ் நாட்டு மிருகக்காட்சிசாலைக்காரர், ஒவ்வொரு மிருகமும் எவ்வளவு தூரம் வரைக்கும் ஆளை விடும், எப்ப ஓடும்னு அளந்தவர். ராஜீவ் சௌக்ல அந்த வட்டத்துக்குள்ள ஒம்பது பேர். எப்படி சமாளிக்கறாங்கன்னு பாத்தேன். ஒருத்தரும் ஒருத்தர் மூஞ்சியப் பாக்கல. மேல இருக்கற ஸ்டேஷன் பேரை எல்லாரும் திருப்பித் திருப்பிப் படிக்கறாங்க. அதாவது நீ இங்க இல்ல, நானும் இங்க இல்ல.

அப்பாகிட்ட சொன்னேன், இவ்வளவு நெருக்கத்துல நம்ம ஷெட்டா இருந்தா ரத்தக்களறி ஆயிருக்கும்ல. அவர் இல்லைன்னார். நாலு கோழி இருந்தாத்தான் கொத்து. தரையில ஆயிரக்கணக்குல விட்டுப் பாரு, யார் பெருசுன்னு ஞாபகம் வெக்கறதையே விட்டுரும், கொண்டையப் பாத்து ஒதுங்கிட்டுப் போயிட்டே இருக்கும்னார். இது நெசம், எங்களுக்கும் சொல்லிக் குடுத்தாங்க. அவர் அதைத் தானா கண்டுபிடிச்சு வெச்சிருக்கார்னு நெனச்சா கொஞ்சம் பொறாமையா இருந்துச்சு. ஊர்ல நாப்பது வீட்டுக்குள்ள எவ்வளவு கொத்து, இங்க கோடிக்கணக்கான பேர் சும்மா ஒதுங்கிப் போறாங்க.

அங்கிள்ஜி பைட்டியேன்னு ஒரு பையன் எந்திரிச்சு அப்பாவுக்கு எடம் குடுத்தான். ரெண்டு ஸ்டேஷன் கழிச்சு அவர் பக்கத்துல எனக்கும் கெடச்சுது. எனக்கு அந்தப் பக்கம் ஒருத்தர் வந்து உக்காந்தார், சட்டையெல்லாம் சிமெண்ட், மடியில ஒரு சாக்கு. நான் கொஞ்சம் நகந்தேன். யாருக்கும் தெரியாதுன்னு நெனச்சேன்.

"ஏங்கண்ணு நகந்த?"

"அவருக்கு எடம் விட்டேனுங்கப்பா."

"ம்."

செங்கோட்டைக்கு எதிர்ல செவப்புக் கல்லு ஜெயின் கோயில், லால் மந்திர். அந்த வளாகத்துலயே பறவைகளுக்குன்னு ஒரு ஆஸ்பத்திரி. வாசல்ல செருப்பைக் கழட்டிட்டு மேல ஏறுனா வரிசையா கூண்டு, ஒவ்வொண்ணுலயும் நோயாளி. பெரும்பாலும் புறா. றெக்கையில கட்டு, கால்ல கட்டு, கழுத்து திருகிப் போனது, கண்ணு வீங்குனது. பட்டத்து மாஞ்சா அறுத்ததும் ஃபேன்ல அடிபட்டதும் நெறைய வரும்னாங்க. ஒரு அம்மா ஷூ டப்பாவுல துணி விரிச்சு ஒரு புறாவைக் கொண்டுவந்து காத்துட்டிருந்தாங்க, புறா அவங்களோடதும் இல்ல, வீட்டு ஜன்னல்ல அடிபட்டுக் கெடந்துச்சாம், 40 நிமிசம் ரிக்ஷாவுல வந்திருக்காங்க. சைவம் சாப்பிடற பறவைக்குத்தான் இங்க பெட்டு. பருந்து, கழுகு வந்தா வைத்தியம் பாத்து அனுப்பிருவாங்க, உள்ள சேக்க மாட்டாங்க.

எங்க அப்பா வாழ்க்கையில எத்தனை லட்சம் கோழியை லாரி ஏத்தி அனுப்பியிருப்பார்னு அவருக்கே தெரியாது. கூண்டு கூண்டா நின்னு பாத்துட்டே வந்தார். ஒரு புறா, ஒத்தைக் கால், இன்னொரு கால் இருந்த எடத்துல மஞ்சள் தடவுன மாதிரி மருந்து, தீனிக் கிண்ணத்துல சாஞ்சு நின்னு ஒவ்வொரு தானியமா எடுக்குது. பக்கத்துல இன்னொரு புறா அதைத் தொந்தரவு பண்ணாம நிக்குது. அங்க ரொம்ப நேரம் நின்னார்.

"நம்ம ஷெட்டுல ஒண்ணுக்கு ரத்தம் வந்தா அவ்வளவுதான். மத்தது கொத்தியே கொன்னு போடும். செவப்பைக் கண்டா விடாது. நானே எடுத்துத் தனியா வெச்சாத்தான் உண்டு."

நான் எலிக் கதையைச் சொன்னேன். 2011ல சிகாகோவுல பண்ணுன ஆராய்ச்சி, ஒரு எலியைச் சின்னக் குழாயில அடைச்சு, கூட இருந்த இன்னொரு எலியை வெளிய விட்டா, அது கதவைத் திறக்கறது எப்படின்னு தானாக் கத்துக்கிட்டு உள்ள இருக்கறதை வெளிய விட்டுச்சு. பக்கத்துலயே இன்னொரு குழாயில சாக்லேட் வெச்சாங்க, அதையும் திறந்துச்சு, இதையும் திறந்துச்சு, பல தடவை சாக்லேட்டைப் பங்கு வேற போட்டுச்சு. கொத்தறதும் ரத்தத்துல இருக்கு, திறந்து விடறதும் இருக்குங்கப்பான்னேன், கொஞ்சம் பெருமையாவே.

அப்பா யோசிச்சார். "இவங்க கோழி எடுத்துக்குவாங்களான்னு கேளு."

நான் அதை இந்தியில கேக்கல.

கீழ வந்து உண்டியல்ல எவ்வளவு போட்டார்னு காட்டல. பராத்தே வாலி கலியில ஆலு பராத்தா, 100 ரூவா, நெய்யில பொரிச்சு எடுக்கறாங்க, பூசணிக்காய்க் கூட்டும் வாழைப்பழச் சட்னி மாதிரி ஒண்ணும். எனக்குப் புடிச்சுது. அப்பா ராத்திரி பூரா ஏப்பம்.

ஜனவரி 9, வியாழன். ஒண்ணுமில்ல

அப்பாவுக்கு வயிறு. எங்கயும் போகல. பனியும் பொகையுமா எதிர் பிளாக்கே தெரியல, தொண்டை கரகரன்னு. எதிர் வீட்டு பஞ்சாபி அம்மா ஓமம் போட்டுக் கொதிக்க வெச்ச தண்ணி கொண்டுவந்து குடுத்தாங்க, யார் சொன்னாங்கன்னு தெரியல. அக்கா பையன் அப்புச்சி மேலயே ஏறி உக்காந்து யானைக் கதை கேட்டுட்டிருந்தான், கோழிக் கதைதான் கெடச்சுது.

சாயந்தரம் முட்டை வாங்கக் கீழ போனோம். ஒண்ணு 8 ரூவா. எங்க முட்டைன்னு கேட்கச் சொன்னார், கடைக்காரர் பர்வாலான்னார், ஹரியானாவுல இருக்கற நாமக்கல்னு வெச்சுக்கங்க. அப்பா ஒரு முட்டையை வெளிச்சத்துல தூக்கிப் பாத்து, "ஓடு பரவால்ல"ன்னு மனசில்லாம சொன்னார்.

ஜனவரி 10, வெள்ளி. பந்தியும் நெருப்பும்

மத்தியானம் பங்களா சாகிப் குருத்வாரா. ராஜா ஜெய்சிங்கோட பங்களாவா இருந்துது, சீக்கியரோட எட்டாவது குரு ஹர் கிருஷண் 1664ல தங்குன எடம். தலையில ஆரஞ்சுத் துணி கட்டிக்கிட்டு, சில்லுன்னு தண்ணியில காலை நனைச்சு உள்ள போனா, அப்புறம் லங்கர், அதான் அவங்க அன்னதானப் பந்தி. பெரிய ஹாலு, நீள நீளமா பாய், எல்லாரும் ஒரே மட்டத்துல சம்மணம். பருப்பு, காய், பாயசம். ரொட்டியைத் தட்டுல போட மாட்டாங்க, ரெண்டு கையையும் ஏந்தி வாங்கோணும், பிரசாதான்னு சொல்லிக்கிட்டே வர்றாங்க.

அப்பாவுக்குப் பந்தி புதுசில்ல, கல்யாணப் பந்தியில யார் மொதல்ல உக்கார்றது, யாருக்கு எலை போடாம விட்டாங்கன்னு நடந்த சண்டையில ரெண்டு குடும்பம் இன்னைக்கு வரைக்கும் பேசாம இருக்கறது எங்க ஊர்ல உண்டு. சுத்திச் சுத்திப் பாத்தார். யார் இங்க மொதலாளின்னு தேடறார்னு நெனச்சேன். தேடுனது வேற. "ஒரு ஆளுக்கு எவ்வளவு எடம் விட்டிருக்காங்க பாரு."

தீனித் தொட்டி கணக்கு அது. ஒரு லேயர் கோழிக்கு 10 சென்டிமீட்டர் தொட்டி வேணும். கொறைச்சுட்டா பெரிய கொண்டை எல்லாம் மொதல்ல நின்னுக்கும், கடைசிக் கோழி மிச்சத்தைக் கெளறிக் கெளறி எளைச்சு முட்டையை நிறுத்திரும். எல்லாமும் ஒரே நேரத்துல தலையை வெக்கற மாதிரி தொட்டியை நீட்டி வெச்சா கொத்து பாதி அடங்கிரும். கோழி நல்ல கோழியா மாறல, தொட்டிதான் நீளம். அப்பா மூணு ரொட்டி சாப்டார், வயிறு சரியாயிருச்சாட்ட இருக்கு.

ராத்திரி ட்ரெயின். ஸ்டேஷன் வந்தப்புறம்தான் லேட்டுன்னு தெரியுது, பனி, ரெண்டு மணி நேரம்னாங்க, அப்புறம் நாலு, அப்புறம் போர்டுல நேரத்தையே எடுத்துட்டாங்க. வெயிட்டிங் ஹால்ல கால் வெக்க எடமில்ல. வெளிய வந்தோம். பனியில லைட்டு எல்லாம் பஞ்சு உருண்டை மாதிரி. டீக்கடை பக்கத்துல நெருப்பு மூட்டியிருந்தாங்க, பழப்பெட்டிக் கட்டை, அட்டை, ஒரு பழைய ஸ்டூல் கால். சுத்தி பதினஞ்சு பேர் இருக்கும். ரிக்ஷாக்காரங்க, சட்டையெல்லாம் சிமெண்ட்டோட ரெண்டு கட்டட வேலை ஆளுங்க, ஸ்வெட்டர் மேல கோட்டு போட்ட ஒரு ஆபீஸர் மாதிரி ஆளு, ரெண்டு காலேஜ் பசங்க, ஒரு போலீஸ்காரர், கொழந்தையோட ஒரு பொம்பளை. நாங்க கிட்டப் போனதும் அந்த வேலை ஆளுங்க ரெண்டு பேரும் ஒண்ணும் சொல்லாம ஆளுக்குக் கொஞ்சம் ஒதுங்குனாங்க, நாங்க உள்ள நொழஞ்சோம். ஒரு தெருநாய் என் காலுக்கும் போலீஸ்காரர் காலுக்கும் நடுவுல புகுந்து படுத்துச்சு. யாரும் அதை வெரட்டல. எல்லாரும் குந்திக்கிட்டு தோளோட தோள் ஒட்டிட்டோம், சிமெண்ட் சட்டை என் ஸ்வெட்டர்ல தேயுது, நான் நகரல, நகர எடமும் இல்ல, ஆசையும் இல்ல.

ஒரு அரை மணி நேரம் இருக்கும். அப்பா நெருப்பைப் பாக்கவே இல்ல, வட்டத்தைப் பாத்துட்டிருந்தார். கையை நெஞ்சு உசரத்துக்கு நீட்டி உள்ளங்கையைக் கீழ காட்டி கொஞ்ச நேரம் வெச்சுப் பாத்தார்.

"குமிஞ்சுட்டாங்க கண்ணு. பத்தல."

எந்திரிச்சுப் போனார். இருட்டுல எங்க போறார்னு நான் எட்டிப் பாக்கறேன், பழக்கடைக்காரர்கிட்ட தமிழ்லயே ஏதோ பேசி, 20 ரூவா குடுத்து, ஒடஞ்ச பெட்டி ரெண்டு தூக்கிட்டு வர்றார். கால்ல மிதிச்சு ஒடிச்சு ஒவ்வொண்ணா, நடுவுல இல்லாம சுத்தி ஓரமா வெச்சார், புரூடர்ல பல்பை நகத்தி நகத்தி வெக்கற மாதிரி. பத்திக்க நேரமாச்சு. அப்புறம் சட்டுனு புடிச்சு எரிஞ்சுது. கொழந்தை வெச்சிருந்த பொம்பளை மொதல்ல பின்னாடி நகந்துச்சு, அப்புறம் ஆபீஸர், அப்புறம் அந்த ரெண்டு பசங்க. வட்டம் மெதுவாப் பெருசாயிட்டே போச்சு. யாரோ பீடி பத்த வெச்சாங்க, யாரோ பேச ஆரம்பிச்சாங்க. நாய் எந்திரிச்சு ரெண்டடி தள்ளிப் போய் மல்லாந்துச்சு.

அப்பா திரும்பக் கையை நீட்டிப் பாத்துட்டு துண்டைத் தலையில சுத்திக்கிட்டு உக்காந்தார். ட்ரெயின் காலைல நாலே காலுக்கு வந்துச்சு.